தாரிமா பின்னோக்கி இழுத்த வண்டி

குஜிர் ஊரில் ரொட்டி வண்டி ஓட்டும் ஒரே பெண் தாரிமாதான். சதுரமாக, மழுங்கிய மூக்கோடு, அச்சில் சுட்ட ரொட்டியைப் போலவே இருக்கும் அந்தப் பழைய வேன்களுக்கு ஓல்கான் தீவு முழுக்க அதுதான் பெயர். கோடையில் அவை மணல்மேடுகளில் ஓடும். குளிர்காலத்தில் உறைந்து கிடக்கும் பைக்கால் ஏரியின் மேலேயே ஓடும். நீலப் பனிக்கட்டியைக் கண்ணால் பார்க்கவும், பாறைமுனையில் சாமிக்கு வண்ணத் துணி கட்டவும் நாட்டின் எந்தெந்த மூலையிலிருந்தோ ஆட்கள் வந்து இறங்குவார்கள்.

தாரிமாவின் கணவன் பாயிர் வடக்கே சுரங்க வேலைக்குப் போனபோது வண்டி முற்றத்தில் சும்மா நின்றது. ஒரு பருவம் பொறுத்துப் பார்த்தாள். அடுத்த பருவம் சாவியை எடுத்துக்கொண்டு நேரே ஓட்டுநர்கள் கூடும் திடலுக்குப் போய்விட்டாள். அங்கே சிரிக்காதவர்கள் இல்லை. எல்லோரையும்விட அதிகம் சிரித்தவன் அந்தோன்.

"அக்கா, பின்னாடி வர்றப்ப ஒரு ஹார்ன் அடிச்சுருங்க. நான் ஒதுங்கிக்கிறேன். எனக்கு உயிர்மேல இன்னும் ஆசை இருக்கு."

"ஒதுங்க வேண்டாம் தம்பி. நீ ஓட்டுற வேகத்துக்கு உன்னப் பிடிக்க நான் ராக்கெட்தான் வாங்கணும்" என்றாள் தாரிமா.

அந்தோன் உண்மையிலேயே கெட்டிக்கார ஓட்டுநர். ஆனால் அவசரக்காரன்.

மார்ச் மாதக் கடைசியில், பனிக்கட்டி இன்னும் கனமாக இருந்தாலும் நம்ப முடியாதென்று ஏரி வழிக்குத் தடை போட்டிருந்த நாட்களில், தாரிமாவும் அந்தோனும் தத்தம் வண்டியில் ஆட்களை ஏற்றிக்கொண்டு ஒன்றாகவே வடகோடியில் இருக்கும் கோபோய் முனைக்குப் போனார்கள். வழியில் ஒரு விரிசல். கையை நுழைக்கும் அளவுதான் இருந்தது. தாரிமா வழக்கம்போல எல்லோரையும் இறக்கி, நடந்து கடக்கச் சொன்னாள். வெறும் வண்டியைத்தான் ஓட்டிக் கடந்தாள்.

அவள் வண்டியில் வந்த கிளெப் என்ற மாஸ்கோக்காரருக்கு அது பிடிக்கவில்லை. பெரிய உடம்பு, விலை உயர்ந்த காமிரா. "கம்சாத்கால எரிமலை வாய் வரைக்கும் போயிருக்கேன். தாகெஸ்தான்ல அதலபாதாளத்து ஓரமா ஜீப்ல போயிருக்கேன். எங்கயும் யாரும் என்ன இறங்கி நடன்னு சொன்னதில்ல" என்றார்.

"இங்க சொல்றாங்க. எழுதி வச்சுக்குங்க" என்றாள் தாரிமா.

முனையில் படம் பிடித்து, மீன் சூப் குடித்து முடிக்கும்போது காற்று மாறியது. மேற்கு மலையிடுக்கிலிருந்து சர்மா காற்று சீறத் தொடங்கினால் ஏரி முழுக்க முனகும். காலுக்கடியில் எங்கோ பீரங்கி வெடிப்பதுபோல் பனிக்கட்டி பிளக்கும் சத்தம். தாரிமா பாத்திரங்களைக் கழுவாமலே அள்ளிப்போட்டு ஆட்களை ஏற்றினாள். அந்தோன் அவளுக்கு முன்னாலேயே கிளம்பிப் போயிருந்தான்.

விரிசலுக்கு அருகே வந்தபோதுதான் அவள் பார்த்தாள். காலையில் கையளவு இருந்தது இப்போது வண்டியை விழுங்கும் அகலத்துக்கு வாய் பிளந்திருந்தது. அந்தோனின் வண்டி தலைகுப்புற அதற்குள் இறங்கியிருந்தது. பின்சக்கரங்கள் காற்றில் சுழன்றன. முன்கண்ணாடிவரை கருந்தண்ணீர். உள்ளேயிருந்து கண்ணாடியை அறையும் கைகள்.

காற்று குளிர்ந்து அடிக்கிறதென்று அவன் ஆட்களை இறக்காமலே கடக்கப் பார்த்திருக்கிறான்.

தாரிமா தூரத்திலேயே வண்டியை நிறுத்தினாள். "எல்லாரும் இறங்குங்க. கரைப் பக்கமா, தள்ளித் தள்ளி நில்லுங்க. கூட்டமா நிக்காதீங்க." பிறகு இழுவைக் கயிற்றையும் கோடாலியையும் எடுத்துக்கொண்டு வயிற்றால் ஊர்ந்து போனாள். பனிக்கட்டியின் விளிம்பில் தண்ணீர் ததும்பி முழங்கையை நனைத்தது. அந்தோன் வண்டியின் பின்கொக்கியில் கயிற்றை மாட்டினாள். பக்கவாட்டுக் கதவு பனிக்கட்டியில் முட்டித் திறக்க முடியாமல் கிடந்தது. பின்கதவின் தாழ்ப்பாள் உடைந்து, வெளியிலிருந்து கம்பி சுற்றிக் கட்டியிருந்தது. அதை அவிழ்க்க அவளுக்கு நேரமில்லை. வண்டி ஒவ்வொரு முனகலுக்கும் கொஞ்சம் கொஞ்சமாகக் கீழே நழுவிக்கொண்டிருந்தது. யாராவது பிடித்து நிறுத்த வேண்டும்.

திரும்பினால், கிளெப் பின்னால் நின்றிருந்தார். காமிரா கழுத்தில் இல்லை.

"நான் என்ன செய்யணும்?"

"நான் வண்டிய ரிவர்ஸ்ல இழுத்துப் பிடிச்சுக்கிறேன். நீங்க அந்தக் கம்பிய அறுத்துக் கதவத் திறங்க. அப்புறம் இந்தக் கோடாலியோட கயித்துக்கிட்ட நில்லுங்க. என் வண்டியும் உள்ள போகப் பாத்தா வெட்டிடுங்க."

"நீங்க வண்டிக்குள்ள இருப்பீங்களே?"

"அதுக்குத்தான் சொல்றேன்."

கயிற்றின் மறுமுனையைத் தன் வண்டியின் முன்கொக்கியில் மாட்டிவிட்டு அவள் ஏறி உட்கார்ந்தாள். கயிறு விறைத்தது. எஞ்சின் உறுமியது. பின்கதவு திறந்ததும் ஆட்கள் ஒருவர்மேல் ஒருவராக வெளியே விழுந்து, தவழ்ந்து, எழுந்து ஓடினார்கள். ஒரு பெண் அழுதுகொண்டே, "டிரைவர் கால் மாட்டிக்கிச்சு! பெடல்ல மாட்டிக்கிச்சு!" என்று கத்தினாள்.

அந்த நேரத்தில்தான் தாரிமாவின் வண்டி நகர்ந்தது. பின்னால் போக வேண்டியது முன்னால் நழுவியது. பளிங்குபோன்ற பனிக்கட்டியில் சக்கரங்களுக்குப் பிடி கிடைக்கவில்லை. ஆக்சிலேட்டரை அமுக்கினால் வெறுமனே சுழலும், விட்டால் கதை முடியும். தலையை வெளியே நீட்டி, "சாம்பல்! சீட்டுக்கடியில சாக்குல சாம்பல் இருக்கு! சக்கரத்துக்கடியில கொட்டுங்க!" என்று கத்தினாள். அவளுடன் வந்த பெண்கள் இருவர் ஓடிவந்து அள்ளி அள்ளிக் கொட்டினார்கள்.

கிளெப் கோடாலியை ஓங்கிக்கொண்டு அவளைப் பார்த்தார். அவள் தலையை ஆட்டினாள். வேண்டாம்.

வண்டி இன்னும் ஓர் அடி நழுவியது. அவள் மறுபடியும் தலையை ஆட்டினாள். பாயிருக்கு இந்தச் செய்தியை யார் சொல்வார்கள் என்று ஒரு நினைப்பு வந்தது. அதைத் தள்ளிவிட்டு ஆக்சிலேட்டரை விரல் நுனியால் தொடுவதுபோல் தொட்டாள். சாம்பலில் சக்கரம் கடித்து நின்றது.

பின்கதவில் அந்தோனின் தலை தெரிந்தது. ஒரு காலில் பூட்ஸ் இல்லை; அதைப் பெடலிலேயே விட்டுவிட்டுக் காலை உருவியிருந்தான். அவன் பனிக்கட்டியில் விழுந்து உருண்டதும் கயிற்றின்மேல் கோடாலி இறங்கியது. அந்தோனின் வண்டி ஒரு பெருமூச்சு விட்டதுபோல் உள்ளே போய்விட்டது. சூப் சட்டி ஒன்று மட்டும் சற்றுநேரம் மிதந்தது.

பனிக்கட்டிமேலும் ஓடும் மீட்புப் படகு வரும்வரை எல்லோரும் தாரிமாவின் வண்டிக்குள் நெருக்கி உட்கார்ந்திருந்தார்கள். அந்தோனின் வெறுங்காலை அவள் தன் கம்பளிச் சால்வையில் சுற்றி மடியில் வைத்திருந்தாள். அவன் உதடு நீலமாக இருந்தது.

"அக்கா" என்றான் மெல்ல. "அதிகாரி கேப்பாரு. ஆட்கள இறக்கி விட்டுத்தான் கடக்கப் போனேன், அப்புறம் காத்துல பயந்து அவங்களே ஏறிக்கிட்டாங்கன்னு... நீங்க சொன்னா நம்புவாங்க."

"இவங்க எல்லாரும் கேட்டுக்கிட்டுத்தான இருக்காங்க."

"அவங்க நாளைக்குப் போயிருவாங்க. நீங்களும் நானும்தான் இங்க இருப்போம்."

அதுதான் அவளை உறுத்தியது. அவன் சொன்னது உண்மை.

மறுநாள் அதிகாரி கேட்டபோது நடந்ததை நடந்தபடியே சொன்னாள். தடை போட்ட வழியில் தானும் போனதையும் சேர்த்துச் சொன்னாள். அந்தப் பருவத்தில் மிச்சமிருந்த நாட்களுக்கு இருவருடைய வண்டி உரிமமும் போனது. அந்தோன் கோடை முழுக்க அவளோடு பேசவில்லை. கடையில் அவளைக் கண்டால் ரொட்டியை வாங்காமலே திரும்பிவிடுவான்.

ஆட்களில் யாரோ எடுத்த படம் நாடு முழுக்கப் பரவியிருந்தது. அடுத்த குளிர்காலம் திடலில் வந்து இறங்கியவர்கள் நீலப் பனிக்கட்டியைக் கேட்கவில்லை, சாமிப் பாறையைக் கேட்கவில்லை.

"வண்டி முழுகின எடம் இருக்குல்ல, அங்க கூட்டிட்டுப் போவீங்களா?" என்று சிவப்புத் தொப்பி போட்ட ஒருவன் அவளிடம் கேட்டான்.

"அங்க பார்க்க ஒண்ணுமில்ல. தண்ணிதான்."

"நாங்க அதுக்காகவே அவ்வளவு தூரத்துலருந்து வந்திருக்கோம்."

"அப்ப வேற வண்டி பாருங்க."

அவர்கள் முணுமுணுத்துக்கொண்டே அடுத்த வண்டிக்கு நகர்ந்தார்கள். அது அந்தோனுடையது. பழசாக எங்கோ பிடித்து வந்திருந்தான். அவன் அவர்கள் கேட்டதை முழுக்கக் கேட்டான். தாரிமாவை ஒருமுறை பார்த்தான். பிறகு எச்சிலைக் கூட்டித் துப்பினான்.

"அங்கெல்லாம் போறதில்ல" என்றான். "அந்தம்மா சொன்னாங்கல்ல, தண்ணிதான்."