கவிழ்த்து வைத்த கோட்டை

நான் ஒரு சதுரங்க நடுவர். போட்டி மண்டபத்தில் செருப்புச் சத்தம் கேட்காமல் நடப்பதுதான் என் தொழிலில் பாதி. யாராவது கையைத் தூக்கினால் பக்கத்தில் போய் நின்று, இருவரில் ஒருவரின் முகத்தைக் கறுக்கப் பண்ணுவது மீதிப் பாதி.

ஒரு காலத்தில் நானும் ஆடினவன். திருகோணமலையில் என் வயதுக்காரர்களில் ஒரேயொருவனால்தான் என்னை வெல்ல முடிந்தது. என்ன செய்வது, அவன் ஒவ்வொரு தடவையும் வென்றான். மூதூர்க்காரன். பள்ளிக்கூடப் போட்டியொன்றில் எதிரெதிராக உட்கார்ந்ததில் தொடங்கிய சிநேகிதம். பின்னேரங்களில் குடாவைக் கடந்து லோஞ்ச் படகில் வந்து இறங்குவான். இறங்குதுறைக்குப் பக்கத்துத் தேத்தண்ணிக் கடையில், ஆடுகிற கால் கொண்ட ஒரு மேசையில் எங்கள் பலகையை விரிப்போம். இருபத்தைந்து வயதில், தோற்றுத் தோற்று அலுத்துப்போய், நான் நடுவர் பரீட்சைக்கு விண்ணப்பித்தேன்.

"ஆட ஏலாதவன் சட்டம் படிக்கிறான்" என்று பகிடி விட்டான். எனக்குச் சுருக்கென்றது. உண்மை என்பதால் அதிகமாகவே சுட்டது.

அவன் சதுரங்கத்தையே பிழைப்பாக்கிக்கொண்டான். எங்கள் பக்கத்தில் அதற்கு முன் யாரும் அப்படிச் செய்ததில்லை. கொழும்புக்கு பஸ் ஏறுவான், பரிசோடு வருவான், சில வேளைகளில் வெறுங்கையோடும் வருவான். இடையில் வசதியான வீட்டுப் பிள்ளைகளுக்குப் பாடம் எடுப்பான். தகப்பனுக்கு உட்துறைமுக வீதியில் வலையும் கயிறும் விற்கும் கடை. பொறுத்துப் பொறுத்துப் பார்த்த அந்த மனிதர் கடைசியில் ஒரு கெடு வைத்தார். அந்த முறை நாட்டு அணியில் இடம் கிடைத்தால் மகன் தன் பாட்டில் ஆடலாம். கிடைக்காவிட்டால் கடையில் வந்து குந்த வேண்டும். அவனும் ஓம் என்று சொல்லிவிட்டான். சொன்னால் சொன்னதுதான், அவன் அப்படிப்பட்டவன்.

இங்கே ஒரு பழக்கத்தைச் சொல்ல வேண்டும். சிப்பாய் கடைசிக் கட்டத்தை அடைந்தால் ராணியாகும். எங்கள் தேத்தண்ணிக் கடையில் அந்த நேரத்தில் யாரும் ராணியைத் தேட மாட்டோம். வெட்டுப்பட்டுக் கிடக்கும், சிலர் யானை என்று சொல்லும் கோட்டைக் காய் ஒன்றை எடுத்துத் தலைகீழாகக் கவிழ்த்து வைப்போம். எல்லாருக்கும் அது ராணி. மூதூரிலும் கிண்ணியாவிலும் தோப்பூரிலும் அதே வழக்கம்தான். மேலதிக ராணி என்று ஒன்றை மேசையில் வைப்பார்கள் என்பதே எனக்கு நடுவர் பரீட்சையில்தான் தெரியவந்தது.

நாட்டு அணிக்கு ஆள் எடுக்கக் கொழும்பில் நடந்த போட்டியில் அவனும் ஆடினான், முன்வரிசை மேசைகள் என் பொறுப்பு. கடைசிச் சுற்று நாள் காலையில் தலைமை நடுவர் ஓர் அட்டைப்பெட்டியைத் தந்தார். உள்ளே மேலதிக ராணிகள், மேசைக்கு வெள்ளையில் ஒன்று, கறுப்பில் ஒன்று. அந்த நேரம் பார்த்து ஒரு மணிக்கூடு ஓடவில்லை என்று கூப்பிட்டார்கள். பெட்டியை என் மேசைக்குக் கீழே தள்ளிவிட்டுப் போனேன். திரும்பி வந்து எடுக்கவில்லை. மறதி என்றுதான் பல நாள் எனக்கு நானே சொல்லி வந்தேன். அது முழு உண்மையில்லை. கோட்டையைக் கவிழ்த்தே ஆடி வளர்ந்தவனுக்கு அந்தப் பெட்டி ஒரு பெரிய விஷயமாகவே படவில்லை.

அணியில் இடம் கிடைக்க அந்தக் கடைசி ஆட்டத்தில் அவனுக்கு வெற்றி வேண்டும். சமநிலை போதாது. நாலு மணி நேரம் ஆடி, வெல்லும் நிலைக்கு வந்திருந்தான். மணிக்கூட்டில் அவனுக்கு அரை நிமிடம்கூட இல்லை. சிப்பாய் கடைசிக் கட்டத்துக்கு வந்தது. வெட்டுப்பட்ட அவனுடைய ராணியை எதிராளி கைக்குள் வைத்து உருட்டிக்கொண்டிருந்தார். மேசை ஓரத்தில் நின்றது ஒரு கோட்டை மட்டும். அவன் அதை எடுத்தான், கவிழ்த்தான், வைத்தான், மணிக்கூட்டை அமத்தினான். கை தன் பாட்டில் செய்த வேலை.

எதிராளி கையைத் தூக்கினார். நான் போனேன்.

"இது என்ன காய்?" என்று கேட்டார்.

என் சிநேகிதன் நிமிர்ந்து என்னைப் பார்த்துச் சிரித்தான். வந்தது நான் என்றதும் அவனுக்கு நிம்மதி. "ராணி. இவருக்குத் தெரியும்" என்றான்.

எனக்குத் தெரியும். என்னைவிட அந்த மண்டபத்தில் வேறு யாருக்குத் தெரியும்? ஆனால் சட்டம் வேறு.

"கவிழ்த்து வைச்சாலும் கோட்டை கோட்டைதான். ஆட்டத்தைத் தொடருங்கோ" என்றேன். என் கையாலேயே அதை நிமிர்த்தி வைத்தேன்.

ராணி என்றால் நாலைந்து நகர்த்தலில் முடிந்திருக்கும். எதிராளியிடமும் ஒரு கோட்டை இருந்தது. கோட்டைக்குக் கோட்டை என்றானதும் ஆட்டம் இழுபட்டு, சமநிலையில் நின்றது. அவன் தாளில் கையெழுத்து வைத்தான், எதிராளியின் கையைக் குலுக்கினான், பிறகு என் கையையும் குலுக்கினான். அவனுடைய கை குளிர்ந்திருந்தது.

தலைமை நடுவர் என் தோளில் தட்டினார். "ஊர்க்காரன் எண்டும் பாக்கேல்லை. நடுவர் எண்டா இப்பிடித்தான் இருக்கோணும்." அது எனக்கு இனித்தது. எழுதவே வெட்கமாக இருக்கிறது, ஆனாலும் இனித்தது. அத்தனை வருடத்தில் அவனை நான் வென்றது அந்த ஒரு தடவைதான் என்றுகூட ஒரு நினைப்பு ஓடியது. கதிரைகளை அடுக்கும்போதுதான் மேசைக்குக் கீழே இருந்த பெட்டி காலில் இடறியது. நான் குனிந்து மூடியைத் திறந்து பார்க்கவில்லை. அப்படியே பொருள் அறைக்குக் கொண்டுபோய் வைத்தேன்.

இப்போது நான் வெளிநாட்டுப் போட்டிகளுக்கும் நடுவராகப் போகிறேன். அவன் கடையில் கயிறு அளக்கிறான். பலகையைத் தொடுவதில்லை. தகப்பன் காலமாகிவிட்டார், கெடு மட்டும் அப்படியே நிற்கிறது.

போன மாதம் ஊருக்குப் போனபோது, பெட்டியைப் பற்றிச் சொல்லிவிடுவது என்று பஸ்சிலேயே சொற்களை அடுக்கிக்கொண்டு போனேன். கடையில் என்னைக் கண்டதும் கதிரையை இழுத்துப் போட்டான். பிளேன்டீ வரவழைத்தான். நான் வாயெடுக்க முன்னம் அவனே அந்தக் கதைக்கு வந்தான்.

"நீ என்ன செய்யிற மச்சான், சட்டம் அதுதானே. என்ட பழக்கதோசம். மேசையில ஒரு ராணி இருந்திருந்தா எடுத்திருப்பன். அண்டைக்கு அவங்களிட்ட மேலதிகமா இருக்கேல்லப் போல, என்ன?"

கயிற்றை அளந்தபடியே கேட்டான். என் முகத்தைப் பார்க்கவில்லை.

"ஓம் மச்சான்" என்றேன். "இருக்கேல்லை."