சண்டைக்கென்று வைத்திருந்த ஆள்

என் தம்பி ஓரெஸ்ட் டிம்சுக் பெரிய லீகில் ஆறு சீசன் ஐஸ் ஹாக்கி ஆடினான். அடித்த கோல்கள் நான்கு. அந்த நான்கையும் அப்பா வீடியோ நாடாவில் பதிவு செய்து வைத்திருந்தார். வீட்டுக்கு வந்தவர்கள் யாரும் அதைப் போடச் சொல்லிக் கேட்டதில்லை. "சண்டையப் போடுங்க" என்பார்கள். அப்பாவும் போடுவார்.

கனடாவின் சஸ்காச்செவன் மாகாணத்தில் கோதுமை விளைகிற பக்கம் எங்களுடையது. மாட்டுக்குத் தண்ணீர் காட்டும் குட்டை குளிர்காலத்தில் உறைந்தால், வசந்தம் வரை அதுதான் எங்களுக்கு மைதானம். ஓரெஸ்ட் பள்ளியில் படிக்கும்போதே அப்பாவைவிட உயரமாகிவிட்டான். கைகள் இரண்டும் உடம்பை முந்திக்கொண்டு வளர்ந்திருந்தன. ஆனால் பயந்த சுபாவம். வீட்டில் கோழி அறுக்கும் நாளில் தானியக் கிடங்குக்குப் பின்னால் போய் நின்றுகொள்வான்.

பதினேழு வயதில் அவனை ஒரு ஜூனியர் அணி எடுத்துக்கொண்டது. பேருந்தில் நாலு மணி நேரம் போகவேண்டிய ஊர். கோச் பெயர் லார்ன் ஹேடோ. முதல் மாதமே அவனைத் தனியாகக் கூப்பிட்டுச் சொல்லியிருக்கிறார்:

"ஒன்ன மாதிரி ஸ்கேட் பண்றவன் இந்த மாகாணத்துல பஸ்ஸு பஸ்ஸா கெடைப்பான். அந்தக் கையோட அடிக்கிறவன் கெடைக்க மாட்டான். கோதுமை அறுக்கப் போறியா, இங்க நிக்கிறியா?"

அவன் நின்றான். ஆட்டத்தின் நடுவில் ஹேடோ அவன் தோளை ஒரு தட்டுத் தட்டுவார். அவ்வளவுதான் உத்தரவு. முதல் சண்டை முடிந்த மறுநாள் எனக்கு போன் செய்தான்.

"அக்கா, நேத்து ஒருத்தன அடிச்சேன். பல்லு விழுந்துடுச்சு."

"வலிச்சுதா?"

"அவனுக்கா, எனக்கா?"

"ஒனக்குத்தாண்டா கேக்கறேன்."

"அடிக்கும்போது ஒண்ணும் தெரியல. ஜனங்க எல்லாம் எழுந்து நின்னு கத்தினாங்க பாரு, அப்பதான் எங்கயாச்சும் போய் ஒளிஞ்சுக்கலாம்னு இருந்துச்சு. அம்மாகிட்ட சொல்லாத."

அம்மாவுக்குச் சொல்ல வேண்டியிருக்கவில்லை. தேவாலயத்தில் பக்கத்துப் பெஞ்சுக்காரர்களே கைகுலுக்கிச் சொல்லிவிட்டார்கள்.

பெரிய லீகுக்குப் போன பிறகும் அதே வேலைதான். கூலி மட்டும் பெரிது. ஓர் ஆட்டத்தில் நாலைந்து நிமிடம் பனியில் இருப்பான். அவர்கள் அணியில் கோல் அடிக்கிற பையன்களை யாராவது முரட்டுத்தனமாக மோதித் தள்ளினால் இவன் இறங்கிக் கணக்குத் தீர்க்க வேண்டும். ஆட்டத்தன்று மத்தியானம் மற்றவர்கள் தூங்குவார்கள். இவன் கூரையைப் பார்த்துக்கொண்டு படுத்திருப்பான். பிறகு எழுந்து போய் வாந்தி எடுப்பான். அவன் மனைவி நொரீன் இதைக் கல்யாணமாகி ரொம்ப நாள் கழித்துத்தான் என்னிடம் சொன்னாள்.

எதிரணி ஒன்றில் இதே வேலைக்கு ஒருவன் இருந்தான். கெய்தான் பொமர்லோ. கியூபெக்கில் மரம் அறுக்கும் ஊர்க்காரன். இருவரும் எதிரெதிரே வந்தால் அரங்கத்தில் ஒருவரும் உட்கார்ந்திருக்க மாட்டார்கள்.

"ஏய் முட்டைக்கோசு! ஒங்கம்மா ஆக்கிப் போட்டது செரிச்சுதா?"

"வாடா பட்டாணி சூப்பு. வந்து மோந்து பாரு."

நாங்கள் உக்ரேனிய வம்சம், அவன் பிரெஞ்சுக்காரன்; அவரவர் வீட்டுச் சாப்பாட்டை வைத்துத்தான் இந்த வசவு. இருவரும் கையை உதறுவார்கள், கையுறைகள் பனியில் விழும், தொடங்கிவிடும். அடித்து ஓய்ந்ததும் இருவரையும் மைதான ஓரத்துத் தண்டனைப் பெட்டியில் ஐந்து நிமிடம் உட்கார வைப்பார்கள். நடுவில் ஒரு தடுப்புதான். அங்கே நடக்கிற பேச்சு தொலைக்காட்சியில் வராது. ஓரெஸ்ட் எனக்கு நடித்துக் காட்டியிருக்கிறான்.

"கை எப்படிடா இருக்கு?"

"வீங்கிடுச்சு. ஒன் மூக்கு?"

"அது போன வருஷமே போயிடுச்சு. கொழந்த பொறந்துதாமே?"

"பொண்ணு."

"நல்லதா போச்சு. இந்த வேலைக்கு வரமாட்டா."

ஆறாவது சீசனில், மார்ச் மாதம், கெய்தானின் வலது கை ஓரெஸ்ட்டின் தாடையில் விழுந்தது. ஹெல்மெட் அதற்கு முன்பே கழன்றுவிட்டிருந்தது. பின்மண்டை அடிபட விழுந்தான். அந்தச் சத்தம் எங்கள் வீட்டுத் தொலைக்காட்சியில் கேட்டது. அதுவரை ஓர் ஆட்டத்தையும் பார்க்காத அம்மா, மாவு ஒட்டிய கையோடு சமையலறையிலிருந்து வந்து நின்றாள். கெய்தான் முட்டி போட்டு, ஓரெஸ்ட்டின் வாயில் விரலை விட்டு நாக்கைப் பிடித்து வைத்திருந்தான். அப்பா எழுந்து தொலைக்காட்சியை அணைத்தார். சண்டையின்போது அவர் அப்படிச் செய்தது அதுதான் முதல் தடவை.

அணியின் டாக்டர் அவனிடம் எந்த ஊர் என்று கேட்டாராம். சரியாகச் சொன்னான். அதுவே போதுமென்று அடுத்த வாரமே மறுபடி ஆட இறக்கிவிட்டார்கள். "கண்ணுக்குள்ள வெளிச்சம் குத்துதுக்கா" என்றான் போனில். காகிதக் கோப்பையில் மாத்திரை கொடுத்தார்கள். சிறிய லீகில் இரண்டு வருஷம் மாத்திரையின் தயவில் ஆடினான். அதன்பிறகு எந்த அணியும் கூப்பிடவில்லை.

ஊருக்கு வந்து, ஜல்லி லாரி ஓட்டினான். தட்டில் கரண்டி படுகிற சத்தத்துக்கு மகள்மேல் எரிந்து விழுவான். போன வழியிலேயே திரும்பி வரத் தெரியாமல் லாரியை ஓரங்கட்டி உட்கார்ந்திருப்பான். ஒருநாள் படுக்கையறைச் சுவரில் ஓட்டை விழுமளவு குத்தினான். நொரீன் மகளைக் கூட்டிக்கொண்டு கிளம்பியபோது என்னிடம் வந்து நின்றாள்.

"அவர் அடிப்பார்னு பயந்து போகல அண்ணி. குத்திட்டு, அந்தக் கைய மடியில வச்சுக்கிட்டு அழறாரு. கொழந்த அதப் பாக்க வேணாம்."

அப்பா அதற்குள் இறந்திருந்தார். நான் கல்யாணம் செய்துகொள்ளவில்லை. நிலத்தை நான்தான் பார்த்துக்கொண்டிருந்தேன். ஓரெஸ்ட்டை வீட்டுக்கு அழைத்து வந்தேன். வீட்டுக்குள்ளும் கறுப்புக் கண்ணாடி போட்டிருப்பான். எலும்பு உறையும் குளிரில் பூட்ஸ் இல்லாமல் வெறும் காலுறையோடு தொழுவத்துக்கு நடப்பான். "அப்பா சந்தையில இருந்து வந்துட்டாரா?" என்பான். முதலில் உண்மையைச் சொல்லிப் பார்த்தேன். ஒவ்வொரு தடவையும் புதிதாக அழுதான். பிறகு, "வந்துடுவாரு" என்று சொல்லப் பழகிக்கொண்டேன்.

ஓர் அக்டோபர் மத்தியானம் வாசலில் வெளிமாகாண எண்ணோடு ஒரு கார் வந்து நின்றது. நொண்டிக்கொண்டு ஒரு பெரிய ஆள் இறங்கினான், கையில் இரண்டு டப்பா மேப்பிள் மரப்பாகு. மூக்கைப் பார்த்ததும் எனக்குத் தெரிந்துவிட்டது.

"இவனா?" என்றாள் அம்மா.

"இவன்தாம்மா."

அம்மா அவனை மேலும் கீழும் பார்த்தாள். இன்னொரு தட்டை எடுத்து வைத்தாள்.

கறி அடைத்த முட்டைக்கோஸ் உருண்டை. ஓரெஸ்ட் சாந்தமாகச் சாப்பிட்டான். வந்தவன் யாரென்று கேட்கவில்லை. கெய்தானுக்கு அது தாங்கவில்லை போலிருக்கிறது. சிரித்துக்கொண்டே, "ஏய் முட்டைக்கோசு, என்னத் தெரியலயாடா?" என்றான்.

ஓரெஸ்ட்டின் முகம் மாறியது. எழுந்தான். இரண்டு கைகளையும் உதறினான், இல்லாத கையுறைகள் கீழே விழட்டும் என்பதுபோல. மேஜையைச் சுற்றிப் போய்க் கெய்தானின் சட்டையைப் பிடித்துத் தூக்கி ஒரு குத்து விட்டான். உதடு கிழிந்தது. கெய்தான் கையை ஓங்கவே இல்லை. ஓரெஸ்ட்டின் இரண்டு சட்டைக் கைகளையும் இறுகப் பிடித்துக்கொண்டு, அவன் தோளில் தலையைச் சாய்த்தான்.

"போதும்டா. ரெஃபரி வந்தாச்சு. முடிஞ்சுது. ரெண்டு பேருக்கும் அஞ்சு நிமிஷம்."

நான் இடையில் புகுந்து பிரித்தேன். ஓரெஸ்ட் மூச்சு வாங்கிக்கொண்டு என்னைப் பார்த்தான். பிறகு அவனைப் பார்த்தான்.

"யாரு ஜெயிச்சா?"

"நீதாண்டா," என்றான் கெய்தான், வாயைத் துடைத்துக்கொண்டு. "அலட்டிக்காத. இந்தத் தடவ மட்டுந்தான்."

ஓரெஸ்ட் உட்கார்ந்து மிச்சத்தைச் சாப்பிட்டான்.

அம்மா ஈரத்துணி கொண்டுவந்து கெய்தானின் உதட்டில் வைத்து அழுத்தினாள். "ஒங்கம்மா இருக்காங்களா?"

"இல்லம்மா. போயிட்டாங்க."

"நல்லவேள," என்றாள் அம்மா.

அதற்குப் பிறகு அவன் வருஷம் ஒரு முறை வந்தான். பழைய பேரைச் சொல்லி ஒருபோதும் கூப்பிடவில்லை.

ஓரெஸ்ட் நாற்பத்தாறு வயதில் இறந்தான். கடைசி வருஷம் பராமரிப்பு இல்லத்தில் இருந்தான். சாப்பாடு வாயிலேயே நிற்கும், விழுங்க மறந்துவிடுவான். மகள் வந்திருந்த ஒரு பகலில், அவள் கையைப் பிடித்துக்கொண்டிருக்கையிலேயே போய்விட்டான். அவள் யாரென்று அவனுக்குத் தெரிந்ததா, எனக்குத் தெரியாது.

மூளையைப் பரிசோதனைக்குக் கொடுக்க முடியுமா என்று டாக்டர்கள் கேட்டார்கள். அம்மாதான் பதில் சொன்னாள். "அவனுக்குக் கைதான் இருக்குன்னு எல்லாரும் சொன்னாங்க. இப்பவாவது ஒருத்தன் தலையக் கேட்டானே. குடு," என்றாள். சில மாதம் கழித்து ஒரு பெண் டாக்டர் போனில் விளக்கினார். தலையில் பட்ட அடிகளால், எண்பது தாண்டியவர்களிடம் பார்க்கிற மூளை ஆகிவிட்டது என்றார். லீகிலிருந்து ஒருவர் பத்திரிகைக்குச் சொன்னார், ஹாக்கிதான் காரணம் என்று நிரூபணம் ஏதுமில்லை என்று.

அடக்கத்துக்கு ஹேடோ வந்திருந்தார். கிழவராகியிருந்தார். "ஒரு தடவகூட மாட்டேன்னு சொன்னதில்லம்மா ஒங்க மகன்" என்றார். அம்மா அவர் நீட்டிய கையைப் பார்த்துவிட்டு நகர்ந்து போனாள்.

தேவாலயத்தின் கீழ்த்தளத்தில் எல்லோரும் சாப்பிட்டுக்கொண்டிருந்தார்கள். கெய்தான் ஒரு மூலையில் காபியை ஊற்றிக்கொண்டிருந்தான். கோப்பை நிரம்பியும் ஊற்றுவதை நிறுத்தவில்லை. நான் போய்ப் பாத்திரத்தை வாங்கினேன்.

"எனக்கும் ஆரம்பிச்சிருச்சுக்கா," என்றான். "ஒங்க வீட்டுக்கு எத்தன தடவ வந்திருக்கேன்? நேத்து வழி தெரியாம ரெண்டு மணி நேரம் சுத்தினேன்."

நான் மேஜையைத் துடைத்தேன்.

"கடைசி வரைக்கும் ஒங்கள அவனுக்கு அடையாளம் தெரிஞ்சுதா?"

பொய் சொல்ல வாய் வரவில்லை. "கடைசி வருஷம் தெரியல."

தலையாட்டினான். "வீட்ல இன்னும் சொல்லல."

"சொல்லு. ஊருக்குப் போயிச் சொல்றேன்னு வச்சுக்காத. இப்பவே சொல்லு."

பாதிரியாரின் அறையில் போன் இருந்தது. அழைத்துப் போனேன். எண்களைப் பாதி அழுத்தி வைத்துவிட்டான். மறுபடி முதலிலிருந்து அழுத்தினான். எதிர்முனையில் ஒரு பெண்ணின் குரல் கேட்டது. அவன் பிரெஞ்சில் மெதுவாகப் பேச ஆரம்பித்தான். எனக்கு அந்த மொழி தெரியாது. யாரும் உள்ளே வந்துவிடாதபடி நான் கதவைப் பிடித்துக்கொண்டு நின்றேன்.