எர்சீலியா வீட்டில் எண்ணெய் காயவில்லை

முப்பத்தோரு வருஷமாக வீட்டிலேயே உட்கார்ந்து கையுறை தைக்கிறவள் எர்சீலியா. மெஷின் இரைச்சலில் இடது காது மந்தமாகிவிட்டது. வாய்க்கு மட்டும் ஒரு குறையும் இல்லை. நேப்பிள்ஸின் சனிதா தெருவில் அவளிடம் வாய் கொடுத்து மீண்டவர் கிடையாது.

அப்பேர்ப்பட்டவள் இன்று காலையிலிருந்து வாயே திறக்கவில்லை. புருஷன் சபத்தீனோவுக்கு ஏழு மணிக்கு இதய ஆபரேஷன். "நீ வந்தா டாக்டரைப் படுத்தி எடுப்பே, வீட்டுலயே இரும்மா. மத்தியானத்துக்குள்ள போன் பண்றேன்" என்று சொல்லிவிட்டு மகன் உகோ போனான். இப்போது மணி மூன்று. உகோவை அழைத்தால் மணிகூட அடிக்கவில்லை.

கிறிஸ்துமஸுக்கு இரண்டு நாள்தான் இருக்கிறது; வீட்டுக்கு வீடு தேன் உருண்டை பொரிக்கிற நேரம். மாவைப் பிசைந்து, கயிறாகத் திரித்து, கொண்டைக்கடலை அளவுக்கு வெட்டி வெட்டி மேஜை முழுக்கப் பரப்பிவிட்டாள். பக்கத்தில் தேன் ஜாடி, ஆரஞ்சுத் தோல், வண்ண மிட்டாய்ப் பொடி எல்லாம் தயார். பொரிக்கத்தான் பயம். எண்ணெய் இரைச்சலில் போன் அடிப்பது கேட்காமல் போய்விட்டால்? 'உடனே வா' என்று சொன்னால், கொதிக்கிற சட்டியை என்ன செய்வது? வெட்டிய மாவு காய ஆரம்பித்துவிட்டது. பாழாய்ப்போன போன் அசையவில்லை.

கதவு தட்டும் சத்தம். கீழ்வீட்டுத் தித்தீனா கறுப்புச் சால்வையைப் போர்த்திக்கொண்டு நின்றாள். கையில் தேன் மின்ன ஒரு தட்டு உருண்டை.

எர்சீலியா தட்டையும் கறுப்புச் சால்வையையும் மாறி மாறிப் பார்த்தாள். சாவு விழுந்த வீட்டில்தான் அந்த வருஷம் பலகாரத்துக்கு எண்ணெய் காயவைக்க மாட்டார்கள். அந்த வீட்டுக்குத்தான் அக்கம்பக்கத்தார் இப்படித் தட்டு கொண்டுபோவார்கள்.

"மாதாவே! எப்போ? உனக்கு யாருடி சொன்னா? உகோ சொன்னானா?"

"யாரும் சொல்லலைக்கா..." தித்தீனாவுக்கு நாக்குக் குழறியது. "அண்ணனுக்கு இன்னைக்கு ஆபரேஷன். எல்லா மாடியிலயும் பொரிக்கிற வாசனை வருது. உங்க வீட்டுல மட்டும் இல்ல. அதான் நாங்களா..."

"நீங்களா என்னை விதவையாக்கிட்டீங்களா? வாசனை வரலைன்னா ஆளு செத்துட்டான்னு அர்த்தமா? இருங்கடி, மூக்கு எரிய எரிய வாசனை காட்டறேன்!"

வாசல் கதவை விரியத் திறந்து வைத்தாள். அடுப்பைப் பற்றவைத்து, சட்டி நிறைய எண்ணெய் ஊற்றி, காய்ந்ததும் ஒரு பிடி உருண்டையை அள்ளிப் போட்டாள். போட்ட வேகத்தில் பாதி தரையில் உருண்டது. தித்தீனா தட்டை ஓரமாக வைத்துவிட்டு, அவள் கையிலிருந்த ஜல்லிக்கரண்டியை வாங்கிக்கொண்டாள்.

"அக்கா, போன்! போன் அடிக்குது பாருங்க!"

எர்சீலியா பாய்ந்து எடுத்து வலது காதில் வைத்தாள். உகோதான். "அம்மா, என் போன் செத்துப்போச்சு, இது நர்ஸோடது. அப்பா கண்ணு முழிச்சிட்டாரு. என்னைத் திட்டக்கூடச் செஞ்சாரு."

எர்சீலியா அப்படியே தரையில் உட்கார்ந்தாள். எட்டு மணி நேரமாக அடக்கியது எல்லாம் பீறிட்டது. தெருவே கேட்கிற மாதிரி ஓவென்று அழுதாள்.

அடுத்த நிமிஷம் கீழே கதவுகள் திறந்தன. படிக்கட்டில் காலடிச் சத்தம். தித்தீனா கரண்டியோடு வாசலுக்கு ஓடி எட்டிப் பார்த்தாள். மூன்று பெண்கள், தலையில் கறுப்புத் துணி, ஆளுக்கொரு தட்டோடு ஏறி வந்துகொண்டிருந்தார்கள்.

"யாரும் மேல வராதீங்கடி!" என்று கத்தினாள். "ஆளு உயிரோட இருக்காரு! தட்டைத் திருப்பி எடுத்துக்கிட்டு ஓடுங்க, அக்கா பார்த்தா உங்களைப் பொரிச்சிடும்!"