தையல் மெஷின் மேல் கிடந்த புலி

எங்கள் தெருச் சங்கம் ஒரு கொடியால் உடைந்தது. அதைத் தைத்தவள் நான்.

எண்பதுகளின் கடைசியில் ஊரப்பாக்கத்தில் என் அண்ணனும் ஏழெட்டு நண்பர்களும் ஒரு தமிழ்ச் சங்கம் வைத்திருந்தார்கள். கர்நாடகத்தில் மஞ்சளும் சிவப்புமாக ஊரெல்லாம் ஒரு கொடி பறக்கிறதே, நமக்கு மட்டும் ஏன் இல்லை என்பது அண்ணனின் ஆதங்கம். அரசாங்கம் தராவிட்டால் நாமே செய்துகொள்வோம் என்று சிவப்புத் துணி வாங்கி வந்தான். சேரனுக்கு வில், சோழனுக்குப் புலி, பாண்டியனுக்கு மீன்.

எங்கள் பின்போர்ஷனில் ஈழத்திலிருந்து வந்த ஓர் அக்கா தனியாகக் குடியிருந்தார். அக்கம்பக்கத்துக்கு ரவிக்கை தைத்துப் பிழைப்பு. எனக்குத் தையல் சொல்லிக் கொடுத்ததும் அவர்தான். அண்ணன் வரைந்ததைக் காட்டியபோது வெகுநேரம் பார்த்துவிட்டு, "புலி வேண்டாம் பிள்ளை. மீன் காணும்," என்றார். மீன் மட்டும் போதுமாம்.

"ஐயோ அக்கா, இது சோழர் புலி," என்று சிரித்தேன். அவர் அதில் கை வைக்க மாட்டேன் என்றுவிட்டார். நானே தைத்தேன். புலிக்கு ஒரு காது பெரிதாகப் போய்விட்டது.

முதல் கூட்டத்திலேயே தகராறு. திருநெல்வேலிக்காரர் ஒருவர், மீன் ஏன் கீழே இருக்கிறது என்றார். இன்னொருவர், "நாம இருக்கறது தொண்டை மண்டலம் சார். பல்லவனோட நந்தி எங்க?" என்று கேட்டார். ஆளுக்கொரு ராஜாவைப் பிடித்துக்கொண்டு மூன்று மாதம் மல்லுக்கு நின்றார்கள். சங்கம் கலைந்தது, கொடி வீட்டுக்கு வந்தது. நல்ல துணியாயிற்றே என்று அம்மா அதைத் திருப்பிப் போட்டு என் தையல் மெஷினை மூடிவைத்தாள்.

தொண்ணூற்றொன்று மே மாதம் ஸ்ரீபெரும்புதூரில் குண்டு வெடித்தது. அதற்குப் பிறகு ஈழத்தவர் குடியிருந்த வீடுகளுக்குப் போலீஸ் வந்தது. எங்கள் வீட்டுக்கும் ஒரு பகலில் இரண்டு பேர் வந்தார்கள். அண்ணனுக்கு அப்போது சர்க்கார் வேலைக்கு உத்தரவு வந்து, போலீஸ் விசாரணை மட்டும் முடியாமல் இருந்தது. வந்தவர்களில் ஒருவர் மெஷின் மேலிருந்த துணியைத் தூக்கிப் பார்த்தார்.

"இன்னாம்மா இது, புலி கீது? யார் தச்சது?"

அம்மா என்னைப் பார்த்தாள். நான் என்றால், யார் சொல்லி என்று கேட்பார்கள். அண்ணன் பெயர் வரும். "பின்னாடி இருக்கற அக்காகிட்டதான் சார் தையல் கத்துக்கறேன்," என்றேன்.

அதில் ஒரு வார்த்தைகூடப் பொய்யில்லை.

அக்காவைக் கூப்பிட்டார்கள். துணியைப் பார்த்தார், அந்தப் பெரிய காதைப் பார்த்தார். "இது நான் தைக்கேல்லை சேர்," என்றார். பிறகு என் பக்கம் திரும்பி, "பிள்ளை, நீர் சொல்லும்," என்றார். எனக்குச் சோழர் புலி என்றுகூடச் சொல்ல வாய் வரவில்லை.

ஜீப்பில் ஏறுவதற்கு முன் என்னிடம், "மூண்டு சட்டை முடிஞ்சு கிடக்கு. நாளைக்கு ஆக்கள் வருவினம், குடுத்துவிடும்," என்றார். திட்டியிருந்தால் எனக்கு நன்றாக இருந்திருக்கும்.

அவர் திரும்பி வரவில்லை. முகாமில் இருக்கிறார் என்றார்கள், கப்பலில் அனுப்பிவிட்டார்கள் என்றார்கள். அண்ணனுக்கு வேலை கிடைத்தது. பின்போர்ஷனுக்கு வேறு குடித்தனம் வந்த பிறகும் மத்தியானங்களில் அங்கே மெஷின் ஓடும் சத்தம் எனக்குக் கேட்டது. அவர்களிடம் மெஷினே கிடையாது. தாம்பரம் ரயிலில் யாராவது ஈழத் தமிழ் பேசினால் இன்றும் அடுத்த பெட்டிக்கு மாறிவிடுகிறேன்.

அவரைக் கொண்டுபோன மறுநாள், சொன்னபடியே மூன்று ரவிக்கைகளையும் கொடுத்தேன். வாங்க வந்தவர்களில் ஒரு பெண், "அக்கா ஊருக்குப் போயிருக்காங்களா? வந்தா இதையும் தைக்கச் சொல்லு," என்று இன்னொரு துணியைத் தந்துவிட்டுப் போனாள். பத்து நாள் வைத்திருந்துவிட்டு, பழைய அளவைப் பார்த்து நானே தைத்தேன். அவள் வந்து வாங்கிக்கொண்டபோது, அக்கா தைத்தது என்று சொன்னேன்.