மூன்றாவது ஓலை

பொழிச்சலூர் லாசரஸ் சார் ரிட்டயரான இங்கிலீஷ் வாத்தியார். முப்பது வருடம் பிள்ளைகளை மன்னிப்பைப் பற்றிக் கட்டுரை எழுத வைத்த மனுஷன், வயதான காலத்தில் போனில் கொரியப் படம் பார்த்துப் பழிவாங்கக் கற்றுக்கொண்டார். அதுவும் ஒரே படம்தான், திரும்பத் திரும்ப. மகளின் வாழ்க்கையைக் கெடுத்தவனைத் தேடிக் கொல்லும் தகப்பன் கதை. வீட்டுக்கு மேலே தாழப் பறக்கும் விமானச் சத்தத்தில் வசனம் கேட்காவிட்டால் என்ன, சப்டைட்டில் இருக்கிறதே. கொன்றது சரியான ஆளைத்தானா என்று கடைசிவரை தெரியாது. அந்த இடம் வந்தால் மட்டும் சாருக்கு ஆத்திரம் பொத்துக்கொண்டு வரும்.

"தப்பு பண்ணவன் யார்னு க்ளியரா சொல்ல வேணாமா? என்ன டைரக்டரோ!" என்று போனை அணைத்துவிடுவார்.

சாருக்கு எல்லாமே க்ளியர். சர்ச்சில் கல்யாண அறிவிப்பை, அதாவது ஓலையை, மூன்று ஞாயிறு வாசிப்பார்கள். ஆட்சேபணை இருந்தால் அதற்குள் சொல்ல வேண்டும். பன்னிரண்டு வருடத்துக்கு முன் மகள் ஹெப்சிக்கு இரண்டு ஓலை வாசித்தாயிற்று. மூன்றாவதற்குள் மாப்பிள்ளை வீட்டுக்கு ஒரு மொட்டைக் கடுதாசி போனது: பெண்ணுக்கு வலிப்பு நோய். கல்யாணம் நின்றது. எழுதியது சர்ச் செயலாளர் வேதசிரோமணி என்று சார் அன்றைக்கே தீர்ப்புச் சொல்லிவிட்டார். சாட்சி? அடுத்த ஞாயிறு அந்த ஆள் இவர் முகத்தைப் பார்க்கவில்லையாம். வெட்கக்கேடு, அவ்வளவுதான் சாட்சி!

போன மாதம் வேதசிரோமணியின் மகள் கிறிஸ்டிக்கு ஓலை வாசித்தார்கள். இரண்டாவது ஞாயிறு ஆராதனை முடிந்து வீட்டுக்கு வந்த சார், இடது கையால், கோவிலம்பாக்கத்து மாப்பிள்ளை வீட்டுக்கு அதே வலிப்பு நோயை எழுதிப் போட்டார். சொந்தமாக ஒரு பொய் யோசிக்கக்கூடத் துப்பில்லை. மூன்றாவது ஞாயிறு கிறிஸ்டியின் பெயரை வாசிக்கவில்லை. அந்தப் பெண் பாட்டுப் புத்தகத்தால் முகத்தை மறைத்துக்கொண்டு வெளியே போனாள்.

மத்தியானம் பிரியாணியை ஒரு பிடி பிடித்தபடி சார் மகளிடம் பெருமையாகச் சொன்னார். "எல்லாம் உனக்காகத்தாம்மா."

ஹெப்சியின் கை தட்டிலேயே நின்றது. "அப்பா, என் கல்யாணத்த நிறுத்தின லெட்டர எழுதினது நான்தான்."

"என்னடி உளர்ற?"

"எனக்கு அந்த மாப்பிள்ளைய பிடிக்கல. சொன்னா கேட்டிருப்பீங்களா நீங்க? இத்தன வருஷம் வேதசிரோமணி அங்கிள நீங்க திட்டினப்பல்லாம் பேசாம இருந்தேன். இப்பவே போய் சொல்லிடலாம் வாங்கப்பா. அந்தப் பொண்ணு கல்யாணமாவது நடக்கட்டும்."

சார் எழுந்து போய் ஜன்னலைச் சாத்தினார்.

"இத வேற யார்கிட்டயாவது சொன்னியா?"

"இல்ல."

"அப்போ வாய மூடிட்டு சாப்பிடு."

ஹெப்சி தயிர்ப் பச்சடியைக் கேட்டு வாங்கிப் போட்டுக்கொண்டாள்.