பாக்தாத்திலிருந்து கேட்ட அழுகை

ஈராக்குக்குள் அந்நியப் படைகள் புகுந்த பிறகு, மூடிக்கிடந்த ஆஸ்பத்திரிகளைத் திறக்கத் தாதிகள் தேவைப்பட்டார்கள். நோர்வேயில், ஹவுகெட்டோவில் என் பக்கத்து வீட்டில் இருந்த ஈராக்கியத் தாதி சமீரா, குழந்தையைக் கணவனிடமும் என்னிடமும் விட்டுவிட்டுப் பாக்தாத்துக்குப் புறப்பட்டாள்.

“இந்தப் பிள்ளையை விட்டிட்டுப் போக உனக்கென்ன விசரே?” என்று நோர்வேஜிய மொழியில் ஏசினேன்.

“இவனுக்கு ஊசி போட இஞ்சை ஆக்கள் இருக்கினம். அங்கை ஆர் இருக்கினம்?”

சில மாதங்களுக்குப் பிறகு தொலைபேசியில் கத்தினாள்: “இப்ப கரண்ட் ஒழுங்கா வருது! மருந்து பிரிட்ஜ் வேலை செய்யுது. ஊசி போடத் தொடங்கிட்டம், கேளடி!”

பின்னால் குழந்தைகள் வீறிட்டு அழுதன. என் மகளுக்கு ஊசி போடும்போது முகத்தைத் திருப்பிக்கொள்கிறவள் நான். அன்று அந்த அழுகையை ஆசை தீரக் கேட்டேன். பிறகு சமீராவின் மகனுடைய காதில் தொலைபேசியை வைத்து, “அம்மா வேலை செய்யிறா, கேளுங்கோ ராசா” என்று தமிழில் சொன்னேன்.

நல்லவேளை, போக வேண்டாமென்ற என் பேச்சை அவள் கேட்கவில்லை.