நெருப்புச் சம்பந்தி

பதினொரு வயதில் இதலீனாவுக்குக் கொஞ்சம் புத்தி இருந்திருந்தால் இந்தப் பாடே இல்லை. யோவான் திருநாளன்று சோளம் சுட மூட்டிய நெருப்பை, பக்கத்து வீட்டு செபெரீனோவோடு கைகோத்து மூன்று முறை தாண்டினாள். விளையாட்டுத்தான். ஆனால் எங்கள் வறண்ட பிரேசில் சீமையில் அப்படித் தாண்டியவர்கள் சாகும்வரை சம்பந்திகள்; கூடப் பிறந்தவர்கள் மாதிரி, அவர்களுக்குள் கல்யாணம் கூடாது. சம்பந்திகள் ஆசைப்பட்டுச் சேர்ந்தால், செத்த பிறகு இரண்டு தீப்பந்துகளாகிக் குளத்தங்கரையில் மோதிக்கொண்டே அலைய வேண்டும்.

பத்தொன்பது வயதில் ஆசை வந்தது. வந்து என்ன செய்ய? அவளும் வேறு யாரையும் கட்டிக்கொள்ளவில்லை, அவனும் கட்டிக்கொள்ளவில்லை. முப்பத்து மூன்று வருஷம் வேலிக்கு அந்தப் பக்கம் அவன் ஆடு மேய்த்தான், இந்தப் பக்கம் அவள் காராமணி விதைத்தாள்.

"சௌக்கியமா சம்பந்தி?"

"இருக்கேன் சம்பந்தி."

அவ்வளவுதான் பேச்சு. விரல்கூடப் பட்டதில்லை. நினைத்தால் எனக்கே வயிறு எரிகிறது.

போன வாரம் மாவுக் கொட்டகையில் பெண்கள் மரவள்ளிக் கிழங்கு சீவிக்கொண்டிருந்தார்கள். பென்விந்தாவின் வாய் சும்மா இருக்குமா?

"இதலீனா, குளத்தங்கரையில ரெண்டு தீப்பந்து ஓடுதாமே? என் வீட்டுக்காரரே கண்ணால பாத்தாரு."

"குடிச்சிட்டுப் பாத்திருப்பாரு."

"அடி போடி! அது நீயும் செபெரீனோவும்தான்னு ஊரே சொல்லுது."

"நாங்க இன்னும் சாகலையேடி."

"பாவம் முத்திட்டா உசுரோட இருக்கும்போதே எரியுமாம்!"

கொட்டகையே சிரித்தது. இதலீனாவுக்குக் கோபம்கூட வரவில்லை. அலுப்புத்தான் வந்தது. கத்தியைக் கீழே வைத்தாள்.

"அப்ப இத்தனை வருஷம் நான் எதுக்குடி பயந்தேன்?"

கையைக் கழுவிக்கொண்டு வீட்டுக்குப் போனாள். தன் தொங்கு படுக்கையை அவிழ்த்துச் சுருட்டித் தோளில் போட்டுக்கொண்டு, உச்சி வெயிலில், ஊரே பார்க்க அவன் வாசலுக்கு நடந்தாள். அவன் ஆடுகளுக்குத் தண்ணீர் ஊற்றிக்கொண்டிருந்தான்.

"என்ன சம்பந்தி, ஊருக்குக் கெளம்பிட்டீங்களா?"

"முடியல செபெரீனோ. நாம எரியறோம்னு ஊரே முடிவு பண்ணிடுச்சு. ஒண்ணுமே செய்யாம எரியறதுக்கு எனக்குத் தெம்பு இல்ல." சுருட்டிய படுக்கையைத் தோளிலிருந்து இறக்கினாள். "இந்தப் படுக்கையை எங்க கட்டட்டும்?"

அவன் வாளியைக் கீழே வைத்தான்.

"இதலீனா," என்றான், சம்பந்தி என்ற சொல்லை விட்டுவிட்டு. "உள்ள, என் படுக்கைக்குப் பக்கத்துச் சுவத்துல ரெண்டு கொக்கி இருக்கு. உனக்குன்னு அடிச்சது."

"எப்ப?"

"உனக்கு இருபது வயசு இருக்கும்போது. துருப்பிடிச்சிருக்கும்."

அவள் அங்கேயே, சுருட்டிய படுக்கைமேல் உட்கார்ந்து அழுதாள்.